சக்கர நாற்காலியில் ஒரு சர்ஜன்

நம்ம தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரம் தெருக்களில் இன்று பிசியோதெரபி போர்டுகள் சகஜம். பக்கவாதம் வந்த அப்பாவை ஆட்டோவில் அங்கே அழைத்துப் போகும் நண்பர்கள் நம்மிடையே உண்டு. ஒரு காலத்தில், உயிர் பிழைத்தாச்சு என்றால் வைத்தியம் முடிஞ்சது. அதை மாற்றிய முன்னோடிகளில் ஒருவர் டாக்டர் மேரி வர்கீஸ்.

1925-ல் கொச்சிப் பகுதியில் பிறந்து, வேலூர் சி.எம்.சி.யில் டாக்டருக்குப் படித்தவர். 1954-ல் சக டாக்டர்களோடு போன வண்டி கவிழ்ந்தது. முதுகுத்தண்டில் அடிபட்டு இரண்டு கால்களும் செயலிழந்தன. வயசு முப்பதுகூட ஆகவில்லை.

கால் போனால் என்ன, கை இருக்கிறதே! டாக்டர் பால் பிராண்ட் கொடுத்த ஊக்கத்தில், சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடியே தொழுநோயாளிகளின் மடங்கிப்போன விரல்களுக்கு ஆபரேஷன் செய்தார். பிறகு நியூயார்க்கில் டாக்டர் ஹோவர்டு ரஸ்க்கின் நிலையத்தில் மறுவாழ்வு மருத்துவம் பயின்றார். 1963-ல் வேலூரில் அத்துறைக்குத் தலைவரானார். நோயாளிகள் தங்கிப் பயிற்சி பெறத் தனி நிலையம் 1966-ல் உருவானது. 1972-ல் பத்மஸ்ரீ விருது பெற்றவர், 1986-ல் மறைந்தார்.

போனதையே நினைத்து உட்காராமல், மிச்சமிருப்பதை வைத்துச் சட்டை போட, சாப்பிட, சம்பாதிக்கப் பழகுவதுதான் மறுவாழ்வு. பக்கவாதத்தில் இன்னும் கொஞ்சம் நம்பிக்கை உண்டு. வராத கையைத் திரும்பத் திரும்ப வேலை வாங்கினால் மூளை புதுப்பாதை பழகும். அதற்கு முதல் சில மாதங்கள் முக்கியம்.

மாணவத் தம்பி தங்கைகளே, வீட்டில் தாத்தா டம்ளரைத் தானே எடுக்க முயன்றால், ஓடிப்போய் எடுத்து நீட்டிவிடாதீங்க. பக்கத்திலேயே நின்று சற்றுப் பொறுத்திருங்க. அதுவும் வைத்தியம்தான்.