புதுமைப்பித்தனும் திரை தொடாத மருதியும்

தச்சநல்லூரை அடுத்த வண்ணார்பேட்டையில் வளர்ந்து, நெல்லை இந்துக் கல்லூரியில் 1931இல் பட்டம் பெற்றவர் சொ. விருத்தாசலம் என்ற புதுமைப்பித்தன். 1906இல் திருப்பாதிரிப்புலியூரில், சைவ வேளாளர் குலத்து அரசு அதிகாரியின் மகனாகப் பிறந்தார். மணிக்கொடியில் கதைகள் எழுதினார், தினமணியில் பணியாற்றினார். பத்திரிகைக் கூலி குடும்பத்துக்குப் போதாத நிலையில் நாற்பதுகளில் திரைத்துறைக்குச் சென்றார். ஜெமினியின் 'அவ்வையா'ருக்கு எழுதினார். தாயின் பெயரில் பர்வதகுமாரி புரொடக்ஷன்ஸ் தொடங்கினார். அவர் எடுக்க எண்ணிய 'வசந்தவல்லி' படமாகவே இல்லை. தியாகராஜ பாகவதரின் 'ராஜமுக்தி'க்காகப் புனே சென்றவர் காசநோயுடன் திரும்பி, 1948 ஜூன் 30 அன்று திருவனந்தபுரத்தில் மறைந்தார். வயது 42. படம் அதன் பின்னரே வெளிவந்தது.

அவரை எழுத்தாளராகத் திரை நினைவுகூர்ந்தது 1979இல். மகேந்திரன் 'சிற்றன்னை'யிலிருந்து 'உதிரிப்பூக்க'ளை உருவாக்கினார். மூலக்கதையின் சாயலே மிஞ்சியது; அதை நாம் குறை சொல்லவில்லை. ஆயினும் தேர்வு கவனத்துக்குரியது: சாதி பேசப்படாத ஒரு வீட்டுக்குள் நிகழும் துயரமே திரைக்கு ஏற்றதாயிற்று. வாசவன்பட்டிச் சேரியிலிருந்து இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குப் பிழைக்கப் போய்ச் சீரழிக்கப்பட்ட மருதியின் 'துன்பக்கேணி' அப்போது எவர் கண்ணிலும் படவில்லை.

தோட்டத் துயரம் 2013இல் 'பரதேசி'யாக வந்தது, வேறொருவரின் நூலிலிருந்து. ஆனைமலைத் தோட்டங்களில் மருத்துவராகவும் தொழிற்சங்கத்தவராகவும் இருந்த பி.எச். டேனியல் எழுதிய அந்நாவல், தமிழில் 'எரியும் பனிக்காடு', நெல்லைச் சீமையின் தலித் தம்பதியரைப் பற்றியது. திரையிலோ மருத்துவர் ஆடிப்பாடி மதம் மாற்றுபவரானார். தொழிலாளர் பக்கம் நின்ற ஒருவரின் அனுபவம் கேலிப்பொருளானது.

பதிப்புரிமைச் சட்டத்தின் 57ஆம் பிரிவு, படைப்பைச் சிதைத்து ஆசிரியரின் மதிப்பைக் குலைப்பதைத் தடுக்கிறது. மன்னு பண்டாரியின் நாவலைப் படமாக்கியது தொடர்பான வழக்கில் 1986இல் தில்லி உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. கதைக்குள் இருக்கும் மக்களின் மதிப்புக்கு அப்பிரிவில் இடமில்லை.

புதுமைப்பித்தனையும் நாம் விலக்கின்றி ஏற்கவில்லை. மருதியை அவர் இரக்கத்தோடு பார்த்தார், வெளியே நின்று பார்த்தார். அந்தப் பார்வையின் சாதியை ராஜ் கௌதமன் ஒரு முழு நூலில் விசாரித்திருக்கிறார். தலித்துகளைச் சித்திரித்த விதம் குறித்த ஆட்சேபத்தால் 2014இல் சென்னைப் பல்கலைக்கழகம் அக்கதையைப் பாடத்திலிருந்து நீக்கியது. நீக்குவதைவிட, மருதியின் பக்கமிருந்து அதைத் திரும்பச் சொல்வது மேல் என்போம். அவருடைய எழுத்துகள் 2002இல் நாட்டுடைமையாகிவிட்டன. வாசவன்பட்டியிலிருந்தே ஒரு பெண் காமிராவோடு கிளம்பினாலும், எவரிடமும் உரிமை கேட்டு நிற்க வேண்டியதில்லை.