சித்தூர் நாகையா

ஊர் எது என்று எவரேனும் கேட்டால் நாகலாபுரம் என்று சொல்லிவிடுவேன். நான் பிறந்தது அங்கன்று. பிழைப்பை நாடி என் தந்தையார் குடியேறிய ஊர் அது. அன்று சித்தூர் மாவட்டம், 2022 முதல் திருப்பதி மாவட்டம். அந்தச் சித்தூரைத் தம் பெயரின் முன்னே சுமந்த வி. நாகையாவும் சித்தூரில் பிறந்தவரல்லர்.

‘பாவ மன்னிப்பு’ (1961) படத்தில் கனிந்த முகத்துடன் வரும் முதியவராக அவரை நாம் அறிவோம். அவர் இசையமைப்பாளர் என்பதை நான் அறிந்தது விடுதிக்கு வந்த பின்னரே. என் அறைத் தோழர் தெலுங்கர். நாகையா எங்களவர் என்றார், நானும் விடவில்லை. அந்த வழக்குத்தான் என்னைப் படிக்கத் தூண்டியது.

1904இல் ரேபல்லேயில் பிறந்த நாகையா, சித்தூர் ராம விலாஸ சபையின் நாடகங்களில் பாடி நடித்துப் பெயர் பெற்றார். ஊர்ப்பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது. 1938இல் ‘கிருஹலக்ஷ்மி’ மூலம் படவுலகம் புகுந்தார். பிறகு வாஹினியின் ‘தேவதா’ (1941), ‘பக்த போதனா’ (1942) ஆகியவற்றில் நடித்தார், பாடினார், இசையும் அமைத்தார். தம் மூச்சு எவ்வளவு தாங்கும் என்று தெரிந்தவரே தமக்கு மெட்டுப் போடுவதில் ஒரு நன்மை உண்டு. பாட்டு நடிப்பை விட்டு விலகி நிற்பதில்லை.

தமிழுக்கும் அவர் அந்நியரல்லர். ‘அசோக்குமார்’ (1941) படத்தில் பாகவதருடனும், ‘மீரா’வில் (1945) எம். எஸ். சுப்புலட்சுமியுடனும் நடித்தார்.

1946இல் வந்த ‘தியாகய்யா’தான் அவர் சிகரம். தயாரிப்பு, டைரக்ஷன், நடிப்பு, இசை நான்கும் அவரே. தியாகராஜர் திருவாரூரில் பிறந்து, திருவையாற்றில் வாழ்ந்து, தெலுங்கில் பாடியவர். அவர் கீர்த்தனைகளுக்குப் புது மெட்டு எதற்கு? எதைத் தேர்வது, எங்கே நிறுத்துவது என்பதே வேலை. கச்சேரியில் சங்கதி சங்கதியாக விரியும் கிருதியைச் சில நிமிடங்களில் அடக்க வேண்டும். ரசிகர் முகஞ்சுளிக்கவும் கூடாது. விஞ்ஞான மாணவனான எனக்குச் சங்கீத இலக்கணம் தெரியாது. ஆனாலும் அந்தப் படத்தைத் தோழரும் நானும் சேர்ந்து பார்த்தபோது எங்கள் வழக்கு இடையிலேயே நின்றுபோயிற்று.

சொந்தப் படக் கம்பெனியும் கணக்குப் பாராத கொடையும் அவர் செல்வத்தைக் கரைத்தன. முதுமையில் சிறு வேடங்களையும் ஏற்றார். 1965இல் பத்மஸ்ரீ விருது வந்தது, பணம் வரவில்லை. 1973 டிசம்பர் 30ஆம் நாள் சென்னையில் காலமானார். சித்தூர்ப் பெயர் கொண்ட அவருக்குப் பின்னாளில் சிலை எழுந்தது தியாகராய நகர்ப் பனகல் பூங்காவில்.