ஆறுமுக நாவலர் மாற்றிய வழக்குகள்

யாழ்ப்பாணத்து நல்லூரிலே, கந்தப்பிள்ளை என்பார்க்கு மகனாக, 1822-ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 18-ஆம் நாள் தோன்றியவர் ஆறுமுக நாவலர். தமிழை இருபாலைச் சேனாதிராய முதலியாரிடத்தும் சரவணமுத்துப் புலவரிடத்தும் பயின்றார்; ஆங்கிலத்தை வெசுலியன் சங்கத்தார் பாடசாலையிற் கற்று, அங்கேயே ஆசிரியருமாயினார். அச்சங்கத்துப் பேர்சிவல் பாதிரியார் விவிலிய நூலைத் தமிழிற் பெயர்த்தபோது, உடனிருந்து உதவினவரும் இவரே.

கற்றோர் ஒரு பிரபுவையேனும் ஓர் உத்தியோகத்தையேனும் பற்றி வாழ்தல் அந்நாளை வழக்கு. நாவலரோ 1848-இல் அப்பாடசாலைப் பதவியைத் தாமே துறந்தார். இல்லறத்தும் புகுந்திலர். அவ்வாண்டே வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கி, பொருள் வேண்டிப் பலரிடத்துஞ் சென்றார். தமக்கென ஒரு காசும் கேளாதவர் பள்ளிக்காகக் கையேந்துதற்கு நாணவில்லை.

இதற்கு முன்னரே, 1847 திசம்பர் 31-ஆம் நாள் வெள்ளிக்கிழமை, வண்ணார்பண்ணைச் சிவன்கோயிலிற் பிரசங்கஞ் செய்யத் தொடங்கியிருந்தார். கோயில்களிற் புராணச் செய்யுளைப் படித்துப் பயன் சொல்லுதலே பழைய முறை. ஒரு பொருளை எடுத்துக்கொண்டு வசனத்திலே விரித்துப் பேசுதல் பாதிரிமாரிடத்திற் கண்ட முறை. பிறர் கருவியைக் கைக்கொண்டாரென்று இதனை இகழ்வாருமுளர். கருவி யாருடையதாயினென்? அதனாற் செய்த வேலையன்றோ நோக்கற்பாலது!

அவர் செய்த மாற்றங்களுள் தலையாயது மொழியின்கண் நிகழ்ந்தது. இலக்கணமும், மருத்துவமும், சோதிடமும் செய்யுளிலேயே வழங்கிய காலம் அது. ஏட்டுச்சுவடியிற் சொற்களுக்கிடையே இடைவெளியில்லை, மெய்க்குப் புள்ளியுமில்லை. ஏடு படிக்கப் பழகியவனுக்கன்றி ஏனையோர்க்கு நூல் ஊமையே. 1849-இற் சென்னை சென்று அச்சியந்திரம் வாங்கினார். அப்பயணத்திலேதான் திருவாவடுதுறை ஆதீனத்தார் அவர்க்கு நாவலர் என்னும் பட்டம் அளித்தனர். வாங்கிய இயந்திரத்தைக் கொண்டு வித்தியாநுபாலன யந்திரசாலையை நிறுவினார். சிறுவர்க்குப் படிமுறையாகப் பாலபாடங்கள் எழுதினார். நாலாயிரத்துக்கு மேற்பட்ட பாக்களையுடைய பெரியபுராணத்தை 1852-இல் வசனமாக வெளியிட்டார். வாக்கியம் முடியுமிடமும் மூச்சு நிற்குமிடமும் குறிகளாற் காட்டப்பட்டமையால், தனியே இருந்து படிப்பவனும் பொருள் உணரலாயினன். திருக்குறளைப் பரிமேலழகர் உரையோடு அச்சிட்டபோதும், ஒரு பிழை புகாதபடி கண்விழித்தவர் அவர். வசனத்தை எளிதாக்கினாரேயன்றி இலக்கணத்தை நெகிழ்த்தாரல்லர். இரண்டும் ஒருங்கு நிற்குமென்பதை அவர் நூல்களைக் கற்பார் காண்பர்.

கோயில்களில் உயிர்ப்பலியையும் ஆகமத்துக்கு ஒவ்வாத ஆட்டங்களையும் கடிந்து, ஊராருட் பலருடைய பகையையும் தேடிக்கொண்டார். ஆயின் சாதி வழக்கை மட்டும் அவர் ஆராயத் துணிந்திலர். அதனைக் காத்தே நின்றார். எழுத்தை எல்லார்க்கும் எளிதாக்கியவர், பள்ளியின் வாயிலை எல்லார்க்கும் திறந்தாரல்லர். அவரிடத்துப் பேரன்புடையோரும் இதனை மறைத்தல் முறையன்று. நமக்கு இது பெருங்குறையாகவே தோன்றுகின்றது.

1864-இற் சிதம்பரத்திலும் ஒரு பள்ளி கண்டார். பின்னர் யாழ்ப்பாணத்திற் பஞ்சம் வந்தபோது ஏழைகட்குக் கஞ்சி வார்ப்பித்தார். 1879 திசம்பர் 5-ஆம் நாள் உடல் நீத்தார். அதன்பின் பள்ளிகளையும் அச்சுக்கூடத்தையும் மாணாக்கர் சதாசிவப்பிள்ளை ஏற்று நடத்தினார்.