வேஷத்துக்கு வெச்ச பேரு... ஆயுசுக்கும் ஒட்டிக்கிச்சு! - தேங்காய் சீனிவாசனின் கதை

'குக் வித் கோமாளி' மூன்றாவது சீசன் பார்த்தீங்களா? அப்போ டைட்டில் ஜெயிச்ச ஸ்ருத்திகாவை மறந்திருக்க மாட்டீங்க. அவங்க பேசினாலே வீடே சிரிக்கும். அந்தக் கலகலப்பு எங்கிருந்து வந்ததுன்னு யோசிச்சிருக்கீங்களா? அவங்க தாத்தா பேரைச் சொன்னா உங்களுக்கே புரிஞ்சிடும். தேங்காய் சீனிவாசன்!

1937-ல் பிறந்த சீனிவாசனுக்கு நாடகம் வீட்டுச் சொத்து. அப்பா ராஜவேலு ஓவியர், நாடகமும் போடுவார். படிப்பு முடிஞ்சதும் பெரம்பூர் ஐ.சி.எஃப் ரயில் பெட்டித் தொழிற்சாலையில் வேலை. அங்கேயும் மனுஷன் சும்மா இருக்கலை, ரயில்வே நாடகக் குழுவில் சேர்ந்துட்டார்.

'கல் மணம்' நாடகத்தில் தேங்காய் வியாபாரியா நடிச்சார். நாடகம் பார்க்க வந்த நகைச்சுவை நடிகர் தங்கவேலு, இனிமே இவர் வெறும் சீனிவாசன் இல்லை, 'தேங்காய்' சீனிவாசன்னு மேடையிலேயே அறிவிச்சிட்டார். அன்னைக்கு ஒட்டின பேரு, கடைசிவரை போகவே இல்லை.

1965-ல் 'ஒரு விரல்' மூலமா சினிமாவுக்குள்ள வந்தார். நாகேஷ் உச்சத்தில் இருந்த காலம் அது. அவருக்குப் பக்கத்தில் இன்னொரு காமெடியன் நிற்கிறது லேசுப்பட்ட விஷயமா? ஜெய்சங்கர் படங்கள்ல நிறைய நடிச்சு, கொஞ்சம் கொஞ்சமா தனக்குன்னு ஓர் இடம் பிடிச்சார். காமெடியோடு நிற்காம வில்லன், குணச்சித்திரம்னு எல்லா வேஷமும் போட்டார்.

1972-ல் வந்துச்சு 'காசேதான் கடவுளடா'. சித்ராலயா கோபு இயக்கிய ஏவி.எம் படம். மனோரமாவோட இரும்புப் பெட்டியில் இருக்கிற பணத்தை எடுக்க, டீக்கடை அப்பாசாமி போலிச் சாமியாரா வீட்டுக்குள்ள நுழைவார். சாமியார் கெட்டப்பில் மெட்ராஸ் பாஷை பேசினா எப்படி இருக்கும்? தியேட்டர் குலுங்கிடுச்சு. ஹீரோ முத்துராமன்தான். ஆனா, ஜனங்க ஞாபகம் வெச்சுக்கிட்டது அப்பாசாமியைத்தான். ரெண்டே வருஷத்தில், 1974-ல், கிருஷ்ணன்-பஞ்சு இயக்கிய 'கலியுக கண்ணன்' படத்தில் அவரே கதையின் நாயகன்!

ஆனா, அவரோட நடிப்போட ரகசியம் தெரியணும்னா 1981-ல் வந்த பாலசந்தரின் 'தில்லு முல்லு' பாருங்க. மீசைக்கு மரியாதை கொடுக்கிற கறாரான முதலாளி. மீசை வெச்ச ரஜினியும், மீசை இல்லாத 'தம்பி' ரஜினியும் ஒரே ஆள்தான்னு நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. இந்தப் படத்தில் அவர் நம்மளை சிரிக்க வைக்க முயற்சி பண்ணவே மாட்டார், கவனிச்சிருக்கீங்களா? கோபப்படுறதும் நிஜம், நம்புறதும் நிஜம், ஏமாந்து நொந்துபோறதும் நிஜம். அவர் எவ்வளவுக்கு எவ்வளவு சீரியஸா இருக்காரோ, அவ்வளவுக்கு அவ்வளவு நாம சிரிக்கிறோம். ரஜினியை அந்தப் படத்தில் காமெடி ஹீரோவா நிற்க வெச்சதில் பாதிப் பங்கு எதிரில் நின்ன இந்த மனுஷனுக்கு உண்டு.

இவ்வளவு சிரிக்க வெச்சவர் கதையோட கடைசி அத்தியாயம் மட்டும் சிரிப்பா இல்லை. சினிமாவில் சம்பாதிச்சவர், சினிமாவிலேயே பணத்தைப் போட்டார். சிவாஜியை வெச்சு 'கிருஷ்ணன் வந்தான்' தயாரிச்சார். 1987-ல் படம் வந்துச்சு, போட்ட காசு வரலை. பெட்டிப் பணத்துக்காகச் சாமியார் வேஷம் போட்டு சிரிக்க வெச்சவரை, நிஜத்தில் காசு கைவிட்டுடுச்சு. அதே வருஷம் நவம்பர்ல பெங்களூரு போன இடத்தில் மூளையில் ரத்தக்கசிவு. 50 வயசுதான்.

காசு போச்சு. ஆனா, வேஷங்கள் போகலை. 2013-ல் 'தில்லு முல்லு' மறுபடி வந்தப்போ அந்த முதலாளி நாற்காலியில் பிரகாஷ்ராஜ் உட்கார்ந்தார். 2023-ல் 'காசேதான் கடவுளடா' திரும்ப வந்தப்போ சாமியார் வேஷம் யோகி பாபுவுக்கு. ரெண்டு படத்துக்கும் ஹீரோ சிவாதான். ஹீரோ யாரா இருந்தாலும் சரி, 'தேங்காய்' வேஷத்துக்கு யாரைப் போடுறதுங்கிறதுதான் பெரிய கேள்வியா இருந்திருக்கும், இல்லையா?

இந்த ஞாயித்துக்கிழமை சாப்பாட்டுக்கு அப்புறம் பழைய 'தில்லு முல்லு'வைப் போடுங்க. இந்த முறை ரஜினியை விட்டுட்டு, அவருக்கு எதிரில் இருக்கிறவரை மட்டும் பாருங்க. அந்த முகம் ஒரு தடவைகூட சிரிக்கச் சொல்லாது. நீங்களா சிரிப்பீங்க!