இறாலின் ரத்தத்தில் உப்பை அளந்தவர்: விலங்கியலாளர் கேசவப் பணிக்கரின் வாழ்வும் பணியும்

கொச்சி: தென்மேற்குப் பருவமழை வலுத்ததும் மட்டாஞ்சேரி படகுத்துறையை ஒட்டிய காயலின் மேற்பரப்பு நீர் சில வாரங்களிலேயே ஏறத்தாழ நன்னீராகிவிடும். பெரியாறு, மூவாற்றுப்புழை, பம்பை உள்ளிட்ட ஆறுகளின் வெள்ளம் உப்பைக் கடலை நோக்கித் தள்ளிவிடுகிறது. மார்ச், ஏப்ரல் மாதங்களில் அதே இடத்தில் நீர் கடலைப் போலக் கரிக்கும். ஓராண்டுக்குள் இவ்வாறு தலைகீழாக மாறும் நீரிலும் இறால்கள் செழித்து வாழ்கின்றன. அது எவ்வாறு இயல்கிறது என்ற கேள்விக்குச் சோதனை வழியாக விடை தேடியவர்களில் முதன்மையானவர் விலங்கியலாளர் என்.கேசவப் பணிக்கர்.

1913-ஆம் ஆண்டு பிறந்த பணிக்கர், தேசியக் கடலியல் நிறுவனத்தின் முதல் இயக்குநராகவே இன்று பெரிதும் நினைவுகூரப்படுகிறார். ஆனால், கப்பல்களும் நிறுவனங்களும் அவரது பிற்கால வாழ்வைச் சேர்ந்தவை. ஓர் இறாலின் உடலிலிருந்து எடுத்த துளி ரத்தத்தில் எவ்வளவு உப்பு இருக்கிறது என்று அளந்த சிறிய பணியே அறிவியல் உலகில் அவருக்கு முதலில் பெயர் தேடித் தந்தது.

அந்தத் தேடலின் தொடக்கம் சென்னை. சென்னைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் ஆர்.கோபால ஐயருடன் இணைந்து, நகரைச் சுற்றியுள்ள உவர்நீர் நிலைகளின் உயிரினங்களை அவர் ஆராய்ந்தார். கடலும் ஆறும் கலக்கும் கழிமுகங்களில் எந்தெந்த விலங்குகள் வாழ்கின்றன, எப்போது இனப்பெருக்கம் செய்கின்றன என்பதைப் பதிவு செய்த அவர்களது கட்டுரைகள் 1937, 1939-ஆம் ஆண்டுகளில் வெளிவந்தன. எவை வாழ்கின்றன என்ற பட்டியல் கிடைத்துவிட்டது. எப்படி வாழ்கின்றன என்பது எஞ்சி நின்றது.

அது எளிய கேள்வியன்று. ஒரு லிட்டர் கடல்நீரில் சுமார் 35 கிராம் உப்பு கரைந்திருக்கிறது. கடலில் வாழும் முதுகெலும்பற்ற விலங்குகள் பலவற்றின் உடல் திரவமும் ஏறத்தாழ அதே செறிவில்தான் இருக்கும். அத்தகைய விலங்கை நன்னீரில் விட்டால், மெல்லிய செவுள்களின் வழியே நீர் உள்ளே புகும். உப்பு வெளியே கசியும். உடல் வீங்கி, விலங்கு மடியும். ஊறுகாய்ப் பானையில் இட்ட மாங்காய் சுருங்குவதற்கு நேர் எதிரான நிகழ்வு இது.

1930-களின் இறுதியில் இங்கிலாந்து சென்ற பணிக்கர், பிளிமத் நகரின் கடல் உயிரியல் ஆய்வகத்தில் இதனை ஆராய்ந்தார். வெவ்வேறு உப்புச் செறிவுள்ள நீரில் இறால்களை வைத்து, அவற்றின் ரத்தத்தின் செறிவைச் சுற்றியுள்ள நீரின் செறிவோடு ஒப்பிட்டார். உப்புக் குறைந்த நீரில் இறாலின் ரத்தம் அந்த நீரைவிடச் செறிவாக இருந்தது. முழுமையான கடல்நீரிலோ ரத்தத்தின் செறிவு கடலைவிடக் குறைந்திருந்தது. சுற்றுப்புறம் எப்படி மாறினாலும், இறால் தன் உடலின் உப்பை ஆற்றல் செலவிட்டு ஒரு வரம்புக்குள் காத்துக்கொள்கிறது என்பது இதனால் தெளிவாயிற்று. கடலிலேயே வாழும் இறால்கூட கடலைவிட நீர்த்த ரத்தம் கொண்டிருந்ததுதான் பலரை வியப்பில் ஆழ்த்தியது. இந்த முடிவுகள் 1940, 1941-ஆம் ஆண்டுகளில் வெளியாயின. இரண்டாம் உலகப் போரின் நடுவே, 1941 மார்ச் மாதக் குண்டுவீச்சில் அந்த ஆய்வகமும் சேதமடைந்தது.

வெப்பநிலை பற்றிய அவரது ஆய்வு இந்தியாவுக்கு இன்னும் நெருக்கமானது. நீர் வெதுவெதுப்பாக இருக்கும்போது இறால்கள் குறைந்த உப்பை எளிதில் தாங்குகின்றன என்று அவர் கண்டார். குளிர்ந்தால் அத்திறன் குறைகிறது. வெப்பமண்டலக் கழிமுகங்களில் கடல்வழி வந்த உயிரினங்கள் ஏன் இவ்வளவு பெருகியுள்ளன என்பதற்கு இது ஒரு விளக்கமாக அமைந்தது. குளிர்நாட்டு ஆய்வகம் ஒன்றில் கொச்சிக் காயலுக்கும் பொருந்தும் விடை கிடைத்தது என்றே சொல்லலாம்.

நாடு திரும்பிய பின், இந்திய இறால்களிடம் அதே கேள்வியை எழுப்பினார். கேரளத்தில் சூடன் எனப்படும் இறால் தன் உடலின் குளோரைடை முனைந்து கட்டுப்படுத்துகிறது என்பதை விசுவநாதனுடன் இணைந்து 1948-இல் வெளியிட்டார். 1950-களில், அப்போது மண்டபத்தில் இயங்கிய மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் தலைமைப் பொறுப்பை வகித்தார். அந்நிறுவனத்தின் தலைமையகம் பின்னர் கொச்சிக்கு மாறியது.

இந்த ஆய்வுகளின் பயன் ஏட்டோடு நிற்கவில்லை. சூடன், நாரன், பூவாலன் போன்ற இறால்கள் கடலில் முட்டையிடுகின்றன. சிறு குஞ்சுகள் ஓதத்தோடு காயலுக்குள் நுழைந்து, சில மாதங்கள் வளர்ந்து, இனப்பெருக்கத்துக்காக மீண்டும் கடலுக்குத் திரும்புகின்றன. எனவே கடலில் வலைவீசும் படகும், காயலில் வலை கட்டும் மீனவரும், நெல் அறுவடைக்குப் பின் பொக்காளி வயலில் ஓதநீரை விட்டு இறால் வளர்க்கும் உழவரும் பங்கிட்டுக் கொள்வது ஒரே செல்வத்தைத்தான். 1950-களில் உறைய வைத்த இறால் கொச்சியிலிருந்து ஏற்றுமதியாகத் தொடங்கியபோது, அச்செல்வத்தின் மதிப்பு பன்மடங்கு உயர்ந்தது. இந்தியாவில் மீன், இறால் வளர்ப்பை மேலும் விரிவாக்கும் வாய்ப்புகளைப் பற்றி 1952-ஆம் ஆண்டிலேயே பணிக்கர் எழுதியிருந்தார்.

1960-களின் முற்பாதியில் பன்னாட்டு இந்தியப் பெருங்கடல் ஆய்வுப் பயணத்தின் இந்தியப் பணிகளை வழிநடத்தும் பொறுப்பு அவரிடம் வந்தது. பல நாட்டுக் கப்பல்கள் திரட்டிய மிதவை உயிரி மாதிரிகளைப் பிரித்து ஆராய, யுனெஸ்கோ ஆதரவுடன் கொச்சியில் ஒரு மையம் உருவாயிற்று. 1966 ஜனவரி 1 அன்று தேசியக் கடலியல் நிறுவனம் தோன்றியபோது, அம்மையம் அதன் அங்கமாயிற்று. பணிக்கர் பின்னர் கொச்சிப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராகவும் பணியாற்றி, 1977-இல் காலமானார்.

அதற்கு முந்தைய ஆண்டில்தான் வேம்பநாட்டுக் காயலின் குறுக்கே தண்ணீர்முக்கம் தடுப்பணை செயல்பாட்டுக்கு வந்தது. குட்டநாட்டு நெல்வயல்களில் உப்புநீர் ஏறாமல் காப்பதே அதன் நோக்கம். ஆனால் கோடையில் மதகுகள் மூடப்படும்போது, உப்போடு சேர்ந்து இறால் குஞ்சுகளும் தடுக்கப்படுகின்றன. மதகுகளை எப்போது மூடுவது, எப்போது திறப்பது என்பதில் உழவர்களுக்கும் மீனவர்களுக்கும் இடையிலான இழுபறி இன்றும் ஆண்டுதோறும் தொடர்கிறது.