கொடி விரித்த காமா அம்மையார்

நம்ம மலருக்கு ஆளுக்கு ஒரு தலைவரைப் பற்றி எழுதித் தாங்கன்னு கேட்டாங்க. நான் பத்தாவது வரைக்கும் படிச்சவள். எனக்குத் தெரிந்த அளவில், நம் தேசியக் கொடியின் கதையில் அதிகம் பேர் பேசாத ஒரு பெண்ணைப் பற்றி எழுதுகிறேன். அவர் பெயர் மேடம் பிக்காஜி காமா. நாம் காமா அம்மையார் என்றே சொல்லுவோம்.

கொடி என்றாலே நமக்கு முதலில் ஞாபகம் வருவது திருப்பூர் குமரன். 1932 ஜனவரியில் போலீஸ் தடியடியில் மண்டை உடைந்து விழுந்தபோதும் கையில் பிடித்த கொடியை விடவில்லை. மறுநாள் உயிர் போய்விட்டது. அவரைக் கொடி காத்த குமரன் என்று சின்னப் பிள்ளைகளுக்கும் தெரியும். அதற்கு 25 வருஷத்துக்கு முன்னாலேயே புடவை கட்டிய ஒரு பெண், வெளிநாட்டில் போய் நின்று, நம் நாட்டுக்கென்று ஒரு கொடியை விரித்துக் காட்டினார். அது எத்தனை பேருக்குத் தெரியும்?

செஞ்சியில் வாழும் நமக்குக் கொடியின் அர்த்தம் புரியும். நம்ம கோட்டை எத்தனை பேர் கை மாறியது! நாயக்கர் ஆண்டார்கள், பீஜப்பூர் சுல்தான் படை பிடித்தது. 1677இல் சிவாஜி மகாராஜா வந்தார். 1698இல் முகலாயர், 1750இல் பிரெஞ்சுக்காரர், 1761இல் ஆங்கிலேயர். ஒவ்வொருத்தரும் அவங்கவங்க கொடியை ஏற்றிக்கொண்டார்கள். எல்லாமே ராஜாவின் கொடி, கும்பினியின் கொடி. கீழே ஏர் ஓட்டினவங்க, நாற்று நட்டவங்க யாருக்கும் அதில் பங்கு கிடையாது. எல்லா ஜனங்களுக்கும் சேர்த்து ஒரு கொடி வேண்டும் என்ற எண்ணம் நம் நாட்டில் வந்து நூற்றுச் சொச்சம் வருஷம்தான் ஆகிறது. அந்த எண்ணத்தை உலகத்தின் முன்னால் கொண்டுபோய் வைத்தவர்தான் காமா அம்மையார்.

அவர் பிறந்தது 1861 செப்டம்பர் 24, பம்பாயில். பார்சி குடும்பம். பார்சிகள் என்றால் பல நூறு வருஷம் முன்னால் பாரசீகத்திலிருந்து குஜராத் பக்கம் வந்து குடியேறி, நெருப்பை சாட்சியாக வைத்துக் கும்பிடுகிறவர்கள். அப்பா சொராப்ஜி பட்டேல் பெரிய வியாபாரி. பணத்துக்குக் குறைவில்லை. பெண் பிள்ளைகளைப் பள்ளிக்கூடம் அனுப்பவே யோசித்த அந்தக் காலத்தில் இவரை நல்ல பள்ளியில் படிக்க வைத்தார்கள். பல மொழிகள் கற்றுக்கொண்டார்.

1885இல் 23 வயதில் கல்யாணம். மாப்பிள்ளை ருஸ்தம் காமா, வக்கீல். அவரும் வசதியானவர்தான். ஆனால் இரண்டு பேருக்கும் எண்ணம் ஒத்துப் போகவில்லை. கணவருக்கு ஆங்கிலேயர் ஆட்சி நல்லது என்று நம்பிக்கை. மனைவிக்கோ அவர்கள் நம்மைச் சுரண்டுகிறார்கள் என்ற வருத்தம். வீட்டுக்குள் இருந்துகொண்டு நகை நட்டு போட்டுக்கொண்டு நிம்மதியாக இருந்திருக்கலாம். அவரால் முடியவில்லை. பொது வேலைகளில்தான் அதிக நேரம் செலவழித்தார்.

1896இல் பம்பாயில் பிளேக் நோய் வந்தது. எலியிலிருந்து பரவுகிற கொடிய நோய். ஜனங்கள் கொத்துக் கொத்தாகச் செத்தார்கள். கொரோனா காலத்தில் பெற்ற பிள்ளையே கிட்டப் போகப் பயந்ததை நாம் பார்த்தோம். அப்போது தடுப்பூசியும் இன்று போல் கிடையாது, மருந்தும் கிடையாது. அந்த நேரத்தில் பணக்கார வீட்டு மருமகள் ஆஸ்பத்திரிக்குப் போய் நோயாளிகளுக்குப் பணிவிடை செய்தார். கடைசியில் அவருக்கே நோய் தொற்றிவிட்டது. உயிர் பிழைத்தார், ஆனால் உடம்பு தேறவில்லை. 1902 வாக்கில் சிகிச்சைக்காக அவரை இங்கிலாந்துக்கு அனுப்பி வைத்தார்கள். உடம்பு சரியானதும் திரும்பி வருவதாகத்தான் கிளம்பினார். மறுபடி ஊர் மண்ணை மிதிக்க 33 வருஷம் ஆனது.

லண்டனில் தாதாபாய் நௌரோஜி, ஷியாம்ஜி கிருஷ்ணவர்மா போன்றவர்களுடன் பழக்கம் ஏற்பட்டது. இந்தியாவின் விடுதலைக்காகக் கூட்டங்களில் பேச ஆரம்பித்தார். ஊருக்குத் திரும்பலாம் என்று நினைத்தபோது அரசாங்கம் ஒரு நிபந்தனை போட்டது. இனி விடுதலை வேலைகளில் ஈடுபட மாட்டேன் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால்தான் இந்தியாவுக்குள் விடுவோம் என்றது. காமா அம்மையார் கையெழுத்துப் போடவில்லை.

இந்த இடத்தைப் படித்தபோது நான் கொஞ்ச நேரம் யோசித்தேன். நம் குழுவில் எத்தனையோ பேர் கைநாட்டு வைத்துத்தான் சேர்ந்தோம். பிறகு கையெழுத்துப் போடக் கற்றுக்கொண்டோம். தீர்மானப் புத்தகமோ கடன் பத்திரமோ, படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடக்கூடாது என்று பயிற்சியில் சொல்லிக் கொடுத்தாங்க. நம்முடைய கையெழுத்துக்கு மதிப்பு உண்டு என்று அப்போதுதான் நமக்குத் தெரிந்தது. அந்த ஒரு கையெழுத்துக்காக அம்மையார் வீட்டை, உறவை, பிறந்த ஊரை எல்லாம் விட்டார். லண்டனை விட்டு பிரான்ஸ் நாட்டின் பாரிஸ் நகரத்துக்குப் போய்த் தங்கினார்.

இப்போது கொடிக்கு வருவோம். 1907 ஆகஸ்டில் ஜெர்மனியில் ஸ்டுட்கார்ட் என்ற ஊரில் பல நாட்டு சோஷலிஸ்ட் கட்சிகளின் மாநாடு நடந்தது. நூற்றுக்கணக்கான பிரதிநிதிகள் வந்திருந்தார்கள். ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரு கொடி உண்டு. இந்தியாவுக்கு என்ன கொடி? பிரிட்டிஷ் கொடிதான். அடிமை நாட்டுக்குத் தனிக் கொடி ஏது? ஆகஸ்ட் 22ஆம் தேதி அம்மையார் புடவை கட்டிக்கொண்டு மேடை ஏறினார். நம் நாட்டுப் பஞ்சத்தையும் ஜனங்கள் படும் பாட்டையும் எடுத்துச் சொன்னார். பேச்சோடு நிறுத்தாமல், கொண்டு வந்திருந்த கொடியை விரித்தார். இதுதான் விடுதலை பெறப் போகும் இந்தியாவின் கொடி, எல்லோரும் எழுந்து மரியாதை செய்யுங்கள் என்று கேட்டுக்கொண்டார். அப்போது அவருக்கு 45 வயது. சுதந்திரம் கிடைப்பதற்கு இன்னும் 40 வருஷம் இருந்தது.

அந்தக் கொடி இப்போது நாம் ஏற்றுகிற கொடி மாதிரி இருக்காது. மூன்று பட்டைகள் உண்டு. மேலே பச்சை, நடுவில் காவி மஞ்சள், கீழே சிவப்பு. பச்சைப் பட்டையில் வரிசையாக எட்டு தாமரைப் பூ. அப்போது ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்த எட்டு மாகாணங்களுக்கு அடையாளம் அது. நம்ம சென்னை மாகாணமும் அதில் ஒன்று. நடுப் பட்டையில் வந்தே மாதரம் என்று நாகரி எழுத்தில் இருந்தது. கீழ்ப் பட்டையில் ஒரு பக்கம் சூரியன், இன்னொரு பக்கம் பிறை நிலா. இந்துவும் முஸ்லிமும் சேர்ந்தது இந்த நாடு என்று காட்டத்தான் அப்படி வைத்தார்கள். அம்மையாரும் தோழர்களும் சேர்ந்து யோசித்து உண்டாக்கிய கொடி அது. அம்மையாரின் பார்சி இனம் எண்ணிக்கையில் ரொம்பச் சின்னது. ஆனால் மற்றவர்களுக்கெல்லாம் இடம் வைத்து ஒரு கொடியைப் பிடித்தார்.

அவருடைய வேலைக்கும் நம்ம பக்கத்துக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. 1909இல் வந்தே மாதரம் என்ற பத்திரிகையை ஆரம்பித்தார். ஆங்கிலேயர் அதை இந்தியாவுக்குள் விடாமல் தடுத்தார்கள். அப்போது பாண்டிச்சேரி பிரெஞ்சுக்காரர் கையில் இருந்தது. அதனால் பத்திரிகையை ஒளித்து வைத்து பாண்டிச்சேரி வழியாக உள்ளே அனுப்பினார்கள். திண்டிவனம் போய் பஸ் மாறி நாம் போகிற அதே பாண்டிச்சேரிதான்! பாரதியார் 1908இலிருந்து அங்கேதான் இருந்தார். பாரிஸில் அம்மையாரோடு சேர்ந்து வேலை செய்த நம்ம வ.வே.சு. ஐயரும் 1910இல் அங்கே வந்து சேர்ந்தார்.

அதே 1910இல் எகிப்து நாட்டுக்காரர்கள் கூடிய ஒரு மாநாட்டில் அம்மையார் பேசினார். சபையில் பார்த்தால் முழுக்க ஆம்பளைங்க. நாட்டில் பாதிப் பேர்தானே இங்கே வந்திருக்கிறீர்கள், மீதிப் பாதி எங்கே என்று கேட்டுவிட்டார். இன்றைக்கும் நம் ஊர் கிராம சபையில் கேட்க வேண்டிய கேள்விதான் இது.

ஆங்கிலேயர் சும்மா விடுவார்களா? அவரைப் பிடித்துத் தரும்படி பிரான்ஸைக் கேட்டார்கள். பிரான்ஸ் மறுத்தது. உடனே இந்தியாவில் அவருக்கு இருந்த சொத்தைப் பறிமுதல் செய்தார்கள். 1914இல் முதல் உலகப் போர் வந்ததும் பிரான்சும் இங்கிலாந்தும் ஒரே கட்சி ஆகிவிட்டன. போருக்கு வந்து இறங்கிய இந்தியச் சிப்பாய்களிடம், ஆங்கிலேயனுக்காக ஏன் சாகிறீர்கள் என்று அம்மையார் கேட்டதால் பிரெஞ்சு அரசே அவரைக் காவலில் வைத்தது. 1917இல் விட்டார்கள். அதற்குப் பிறகும் வாரம் தவறாமல் போலீஸில் போய் ஆஜராக வேண்டியிருந்தது. வயது ஏறிக்கொண்டே போனது. கூட இருந்தவர்கள் பலர் பிரிந்து போனார்கள். ஆனாலும் அவர் பாரிஸிலேயே இருந்தார்.

1935 ஆரம்பத்தில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. சாகும்போதாவது சொந்த ஊரில் சாக வேண்டும் என்று ஆசைப்பட்டார். அரசாங்கம் பழைய நிபந்தனையையே போட்டது. இனி அரசியலில் ஈடுபட மாட்டேன் என்று இந்தத் தடவை எழுதிக் கொடுத்தார். அந்த வருஷம் நவம்பரில் பம்பாய் வந்து இறங்கினார். அப்போது வயது 74.

கடைசியில் எழுதிக் கொடுத்துவிட்டாரே, இதை முதலிலேயே செய்திருந்தால் குடும்பத்தோடு இருந்திருக்கலாமே என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. முதல் தடவையே கையெழுத்துப் போட்டிருந்தால் ஸ்டுட்கார்ட்டில் கொடி விரிந்திருக்காது. பத்திரிகை பாண்டிச்சேரிக்கு வந்திருக்காது. செய்ய வேண்டியது எல்லாம் செய்து முடித்து, கை கால் விழுந்த பிறகுதான் அந்தக் காகிதம் அவருக்குக் கிடைத்தது. நோயில் கிடக்கும் கிழவியை ஊருக்குள் விடவும் கையெழுத்துக் கேட்ட அரசாங்கத்துக்குத்தான் அது வெட்கம்.

ஊருக்கு வந்து ஒன்பதே மாதம். 1936 ஆகஸ்ட் 13ஆம் தேதி பம்பாய் பார்சி ஆஸ்பத்திரியில் கண்ணை மூடினார். மிச்சம் இருந்த சொத்தில் பெரும்பகுதியை ஆதரவற்ற பெண் குழந்தைகள் இல்லத்துக்கு எழுதி வைத்துவிட்டுப் போனார்.

அவர் விரித்த கொடி என்ன ஆனது? இந்துலால் யாக்னிக் என்ற குஜராத் தலைவர் அதை ரகசியமாக இந்தியாவுக்குக் கொண்டு வந்தார். புனேயில் கேசரி மராட்டா நூலகத்தில் இன்றும் அதைப் பார்க்கலாம். 1962 குடியரசு தினத்தன்று அரசாங்கம் அம்மையார் படம் போட்ட தபால் தலை வெளியிட்டது. கடலோரக் காவல் படைக் கப்பல் ஒன்றுக்கும் அவர் பெயர் வைத்தார்கள்.

கொடியின் உருவம் அதற்குப் பிறகு பல தடவை மாறியது. 1921இல் ஆந்திராவைச் சேர்ந்த பிங்கலி வெங்கய்யா காந்தியடிகளிடம் ஒரு கொடி வரைந்து கொடுத்தார். 1931இல் காவி, வெள்ளை, பச்சை, நடுவில் ராட்டை என்று காங்கிரஸ் முடிவு செய்தது. 1947 ஜூலை 22ஆம் தேதி ராட்டைக்குப் பதில் 24 ஆரம் கொண்ட அசோகச் சக்கரம் வைத்து இன்றைய கொடியை அரசியல் நிர்ணய சபை ஏற்றுக்கொண்டது. ஆகஸ்ட் 14 நள்ளிரவில், இந்தியப் பெண்கள் எல்லோர் சார்பாகவும் ஹன்சா மேத்தா என்ற அம்மையார்தான் தேசியக் கொடியை அந்தச் சபையில் கொடுத்தார். காமா அம்மையார் அதைப் பார்க்க இல்லை. இறந்து 11 வருஷம் ஆகியிருந்தது.

2022இல் சுதந்திரத்தின் 75ஆம் ஆண்டுக்கு வீடுதோறும் கொடி ஏற்றினோம். அப்போது பல மாநிலங்களில் நம்மைப் போன்ற மகளிர் குழுக்கள் ராத்திரி பகலாகத் தையல் மெஷினில் உட்கார்ந்து கொடி தைத்துக் கொடுத்தார்கள். இனி நீங்கள் கொடி தைத்தாலும் ஏற்றினாலும் இதை மறக்காதீங்க: நீளம் மூன்று பங்கு என்றால் அகலம் இரண்டு பங்கு. காவி மேலே, பச்சை கீழே. கொடி தரையில் படக் கூடாது. கிழிந்த கொடியை ஏற்றக் கூடாது, அதன் மேல் எதையும் எழுதக் கூடாது.

வருகிற ஆகஸ்ட் 15 அன்று உங்கள் ஊர் பள்ளிக்கூடத்தில் கொடி ஏற்றும்போது, குமரன் பெயரோடு காமா அம்மையார் பெயரையும் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். பொம்பளைப் பிள்ளைகளுக்குக் கட்டாயம் சொல்லுங்கள்.



இப்படிக்கு,
குழு உறுப்பினர், செஞ்சி.