ஊழ் மாளிகையைக் கற்பனை செய்த நூலகர்

மேல்நிலை வகுப்பில் கணிதம் பயின்றோர் தொகை நுண்கணிதத்தில் வரும் நீண்டு வளைந்த குறியீட்டை மறந்திருக்க மாட்டார்கள். 1675 இல் அதனை முதன்முதலாக எழுதியவர் லைப்னிட்ஸ் என்னும் ஜெர்மானியப் பேரறிஞர். அவரைக் கணித மேதை என்றே அறிவோம். ஆயினும் வாழ்நாளின் பெரும்பகுதி அவர் வகித்த பதவிகளுள் ஒன்று நூலகர் பதவி. உலகங்கள் யாவற்றுக்கும் ஏடு வைத்திருக்கும் மாளிகை ஒன்றை அவர் மனத்தால் எழுப்பியதற்கும் அப்பதவிக்கும் தொடர்பு உண்டு என்றே எனக்குத் தோன்றுகிறது.

லைப்சிக் நகரில் 1646 இல் பிறந்தார். தந்தையார் அந்நகரப் பல்கலைக்கழகத்தில் அறநூற் பேராசிரியர். பிள்ளைக்கு ஆறு வயதாகும்போது காலமானார். பூட்டிக் கிடந்த தந்தையின் நூலறை எட்டு வயதளவில் சிறுவனுக்குத் திறந்துவிடப்பட்டது. படங்கள் நிறைந்த லிவியின் உரோம வரலாற்றை வைத்துக்கொண்டு, படத்தைப் பார்த்துச் சொல்லின் பொருளை ஊகித்து, ஆசிரியர் துணையின்றியே இலத்தீன் மொழியைக் கற்றார். இதையே ஆசிரியப் பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குப் புதுமுறை என்று கற்பித்தார்கள்!

இருபது வயதில், மிக இளையவர் என்று லைப்சிக் பல்கலைக்கழகம் டாக்டர் பட்டம் தர மறுத்தது; ஆல்ட்டார்ஃப் பல்கலைக்கழகம் வழங்கியது. 1672 முதல் நான்காண்டுகள் பாரிசில் இருந்தார். கூட்டல் முதல் வகுத்தல் வரை செய்யும் கணக்குப் பொறியின் மாதிரியை 1673 இல் இலண்டன் அறிஞர்களுக்குக் காட்டினார். 1676 இறுதியில் ஹானோவர் அரசவையில் நூலகராகவும் ஆலோசகராகவும் அமர்ந்தார். 1691 முதல் வொல்ஃபென்பியூட்டல் நூலகமும் அவர் பொறுப்பில் வந்தது. அங்கு ஆசிரியர் பெயர் அகரவரிசையில் பட்டியல் எழுதச் செய்தார். அக்காலத்து அவர் குறிப்புகளில் வியப்பான கணக்கு ஒன்று காணப்படுகிறது. எழுத்துகள் சிலவே; ஆதலின், குறிப்பிட்ட நீளத்திற்கு உட்பட்டு மனிதர் எழுதக்கூடிய நூல்கள் எத்துணைப் பலவாயினும் எண்ணிக்கைக்கு அடங்கியே தீரும் என்பது அது.

பிரஷ்ய அரசி சோஃபி சார்லட் அவரிடம் அன்பும் மதிப்பும் கொண்டவர். இறைவன் நல்லவனாயின் உலகில் துன்பம் ஏன் என்பது பற்றி இருவரும் பலகால் உரையாடினர். 1705 இல் அரசியார் 36 வயதில் மறைந்தார். அந்த உரையாடல்களினின்றும் வளர்ந்த நூலே 1710 இல் வெளிவந்த தியோடிசி. அதன் முடிவில்தான் ஊழ் மாளிகை வருகிறது.

உரோம அரச குமாரன் செக்ஸ்டஸ் தன் விதியைக் கேட்கச் செல்கிறான். உரோமைத் துறந்தால் வேறு விதி உண்டு என்கிறார் தேவர்கோன் ஜூபிடர், அவன் இணங்கவில்லை. இதைக் கண்டு கலங்கிய பூசகர் தியோடோரஸ் கனவில் ஒரு மாளிகையை அடைகிறார். அறிவுத் தெய்வமாகிய பல்லாஸ் வழிகாட்ட, அறை அறையாகப் பார்க்கிறார். ஒவ்வோர் அறையும் ஓர் உலகம். அதற்கு ஒரு பேரேடு. செக்ஸ்டசின் நெற்றியில் ஓர் எண். பேரேட்டில் அவ்வெண்ணுக்குரிய வரியில் விரல் வைத்தால் அவன் வாழ்க்கை முழுதும் கண்முன் விரிகிறது. ஓர் உலகில் அவன் சிறு தோட்டம் வாங்கி, புதையல் கண்டு, ஊரார் அன்பு பெற்று முதுமையில் இறக்கிறான். மற்றோர் உலகில் திரேஸ் நாட்டு மன்னனின் மகளை மணந்து நல்லரசனாகிறான். அறைகள் கூம்பாக உயர்கின்றன. கீழே முடிவே இல்லை. உச்சியிலுள்ள மிகச் சிறந்த அறை நம் உலகம். அதிலோ செக்ஸ்டஸ் பிறன் மனைவியை வன்முறையால் கெடுத்து நாடு கடத்தப்படுகிறான். அக்குற்றத்தின் விளைவாகவே உரோமின் பெருமை பிறக்கிறது என்கிறது கதை.

செக்ஸ்டசின் வரலாறு, சிறுவயதில் அவர் படம் பார்த்துப் படித்த அதே லிவியின் நூலில் உள்ளது. கெடுக்கப்பட்ட லுக்ரீசியா உயிரை மாய்த்துக்கொண்டாள் என்பதும் அதில் உண்டு. செக்ஸ்டசுக்கு இத்தனை வாழ்க்கைகளைத் தேடிய பேரறிஞர், அவள் நலமாய் வாழ்ந்த அறை ஒன்றைக்கூடத் திறந்து காட்டவில்லை. இக்குறை என் மனத்தை விட்டு அகலவில்லை. எண்ணிறந்த உயிர்ப்பொருள்கள் உண்டு, அவை அறிவின் தரத்தால் வேறுபடுவன என்று 1714 இல் அவர் எழுதியதைப் படிக்கும் நம் அன்பர்களுக்கு ஓரறிவுயிர் முதலாய வரிசை நினைவுக்கு வரலாம். ஆனால் அவர் மாளிகையில் அறையைத் தெரிவு செய்பவன் படைப்போன். நம் நெறியில் படைப்போன் இல்லை, வினையே பிறவியை அமைக்கிறது. ஆகவே நாம் கேட்கும் கேள்வியும் வேறு.

இறுதிக்காலம் நன்றாக இல்லை. நுண்கணிதத்தை நியூட்டனிடமிருந்து எடுத்துக்கொண்டார் என்ற பழி வந்தது. இருவரும் தனித்தனியே கண்டனர் என்பதே இன்று ஏற்கப்பட்ட முடிவு. 1714 இல் அவருடைய அரசர் இங்கிலாந்தின் மன்னராகிச் சென்றபோது, அரச குல வரலாற்றை முடிக்குமாறு அவரை ஹானோவரிலேயே விட்டுச் சென்றார். அவ்வரலாறு 1005 ஆம் ஆண்டளவில் நின்றுவிட்டது. 1716 நவம்பர் 14 இல் இறந்தார். இறுதிச்சடங்கிற்கு அரண்மனையார் எவரும் வரவில்லை, செயலர் மட்டும் வந்தார். பெட்டிகளில் ஏறத்தாழ இரண்டு லட்சம் பக்கக் கையெழுத்துகள் எஞ்சின. 1923 முதல் அவை தொகுதி தொகுதியாக வெளியிடப்பட்டு வருகின்றன. பணி இன்னும் முடியவில்லை.